மணி அடித்தால் மூச்சு விட்ட செந்நாய்

உப்புக்கொம்பை கேம்ப்புக்கு ஒரு செந்நாய் வின்ச்சில் ஏறி வந்தது. நம்புகிறவர்கள் உட்காருங்கள், நம்பாதவர்களுக்கும் டீ உண்டு, ஆனால் நடுவில் குறுக்கே பேசக் கூடாது. நான் பழனாத்தாள், அந்த மலையில் பத்தொன்பது வருடம் கேன்டீன் நடத்தியவள், என் பேச்சுக்குக் குறுக்கே பேசிய ஜூனியர் இன்ஜினியர் ஒருத்தர் மூன்று மாதம் சர்க்கரை இல்லாத டீ குடித்துவிட்டு மாற்றல் வாங்கிக்கொண்டு போனார்.

மலை உச்சியில் குவார்ட்டர்ஸ், மலை அடியில் கரண்ட் எடுக்கிற பவர்ஹவுஸ், இரண்டுக்கும் நடுவே சுவரில் ஏணி சாத்தின மாதிரி செங்குத்தாக ஒரு தண்டவாளம். அதில் இரும்புக் கயிற்றில் கட்டிய பெட்டி ஒன்று ஆளை ஏற்றிக்கொண்டு இறங்கும், ஆளை ஏற்றிக்கொண்டு ஏறும், அதைத்தான் வின்ச் என்போம். மேலே இருந்து அதை இழுக்கிற ஆபரேட்டருக்குப் பெட்டி கண்ணுக்குத் தெரியாது, வருடத்தில் எட்டு மாதம் பனிமூட்டம், மிச்ச நாலு மாதம் மழை, ஆகவே கீழே இருக்கிறவர்கள் கம்பியை இழுத்து மணி அடிப்பார்கள், ஒன்று அடித்தால் நிறுத்து, இரண்டு அடித்தால் இறக்கு, மூன்று அடித்தால் ஏற்று. வின்ச் ஹவுஸ் சுவரில் சிவப்பு பெயிண்டில் எழுதியிருக்கும்: மணி இல்லாமல் அசைக்காதே. எந்தக் காலத்திலோ மணி வராமல் ஒருத்தர் அசைத்து, மூன்று பேர் பிணமாக ஏறி வந்ததற்குப் பிறகு எழுதினது அது. எங்கள் கேம்ப்பில் குழந்தைகள் அ, ஆ படிப்பதற்கு முன்னால் அதைப் படித்துவிடும்.

அந்த வின்ச்சை இருபத்தெட்டு வருடமாக ஓட்டியவர் ஞானசிகாமணி. உடன்குடிப் பக்கத்து ஆள், பிள்ளை குட்டி இல்லை, சம்சாரம் எஸ்தரம்மா நாலு வருடம் முன்பு ஒரு ஆடி மழையில் காய்ச்சலில் போய்ச் சேர்ந்தாள். அன்றிலிருந்து அந்த மனிதருக்குப் பேச்சு குறைந்தது, ஒரு நாளைக்கு நூறு வார்த்தை, அப்புறம் பத்து, அப்புறம் அதுவும் இல்லை, ஏனென்றால் கேம்ப்பில் நூற்றிருபது பேரும் அவரிடம் மணியால்தான் பேசினார்கள், மணிக்கு மணியாலேயே பதில் சொன்னால் போதும். கேம்ப் முழுக்க அவரை அண்ணாச்சி என்று கூப்பிடும், நான் மட்டும் ஏனுங்க என்பேன். தினம் பதினோரு மணிக்கு நானே டீ கொண்டுபோய் ஊற்றுவேன், போதும் என்று சொல்ல அவர் கிளாஸை விரலால் ஒரு தட்டு தட்டுவார், ஒன்று அடித்தால் நிறுத்து. பொய் சொல்லி எனக்கென்ன ஆகப்போகிறது, அந்த மனிதர் மேல் எனக்கு ஒரு இது இருந்தது. என்னைக் கட்டினவன் திருப்பூருக்கு வேலைக்குப் போனான், போனவன் போனவன்தான். ஒண்டிக்கட்டைக்கு இன்னொரு ஒண்டிக்கட்டையைத் தூரத்திலேயே அடையாளம் தெரியும். ஆனால் அந்த ஆள் நிமிர்ந்து பார்த்தால்தானே!

ஆடி மாதம் ஒரு காலை, ராத்திரி ஷிஃப்ட் முடிந்து ஏறி வந்த பெட்டியில் ஏழு பேரும் ஒரு செந்நாயும் இருந்தார்கள். பெஞ்சில் இடம் விட்டு, நனைந்த வாலைக் காலுக்குள் சுருட்டிக்கொண்டு, மற்றவர்கள் குடையை மடக்குகிற வரை பொறுத்திருந்து, கடைசி ஆளாக இறங்கி அது நேரே வின்ச் ஹவுஸ் வாசலில் போய் உட்கார்ந்தது.

"எங்க ஏறுச்சு?" என்றேன், பொங்கல் பரிமாறிக்கொண்டே.

"பாதி வழியில, நடு மேடையில. மணி ஒண்ணு அடிச்சுது, பெட்டி நின்னுச்சு, ஏறிக்கிச்சு, மூணு அடிச்சுது, வந்துட்டோம்" என்றார் டர்பைன் பார்க்கிற கோபாலன்.

"மணி யாரு அடிச்சது?"

"நாங்க அடிக்கலீங்க."

"அப்ப அதுதான் அடிச்சிருக்கும். சட்னி போடட்டுமா?"

அதோடு அந்தப் பேச்சு முடிந்தது. அன்றைக்கு யாருக்கும் அதைவிடப் பெரிய கவலை, ரேஷனில் பருப்பு வரவில்லை என்பது. சாயங்காலம் ஃபாரஸ்ட் வாட்ச்சர் மாரன் வந்து எட்டிப் பார்த்துவிட்டு, காட்டிலேயே பிறந்து காட்டிலேயே நடக்கிற ஆள், தலையைச் சொறிந்தான். "ஒரு செந்நாயப் பழக்கலாங்க்கா, கண்ணு தொறக்கறதுக்கு முன்னாடி எடுத்து வளர்த்தா கையில திங்கும். ஆனா செந்நாய நாயாக்க முடியாது. அது ஈன்ற குட்டி மறுபடி செந்நாய்தான். நாய் நாயானதுக்கே பத்தாயிரம் வருசம் ஆச்சுன்னு ரேஞ்சர் சொல்லுவாரு."

"பத்தாயிரம் வருஷமா!" என்று ஸ்டோர் கீப்பர் வாயைப் பிளந்தார். "நமக்கு மூணு வருஷத்துல டிரான்ஸ்ஃபர் ஆயிடுமேய்யா."

அதனாலோ என்னவோ, அந்தப் பத்தாயிரம் வருடமும் எங்கள் கேம்ப்பில் ஒரே மழைக்காலத்துக்குள் நடந்து முடிந்தது. ஆடி பதினெட்டு தாண்டி ஒரு செவ்வாய்க்கிழமை அதற்கு இடது காது தொங்கியது, நான் டீ ஊற்றப் போனபோது என் கண்ணெதிரே நின்ற காது, ஈரத்துணி மாதிரி மடங்கி விழுந்தது, நான் வந்து கேன்டீனில் சொன்னேன், "அட, தொங்கிருச்சா?" என்று கேட்டுவிட்டு எல்லோரும் உப்புமா சாப்பிட்டார்கள். வியாழக்கிழமை வலது காதும் தொங்கியது, அடுத்த வாரம் நெற்றியில் விபூதி இட்ட மாதிரி ஒரு வெள்ளை, அதற்கடுத்த வாரம் காட்டுத் துடைப்பம் மாதிரி இருந்த கறுப்பு வால் மேல்நோக்கிச் சுருண்டது, ஆவணி முதல் வாரத்தில் அது தபால்காரரைப் பார்த்து முதல் முதலாகக் குரைத்தது. செந்நாய் விசிலடிக்கும், குரைக்காது. அன்று தபால்காரர் பயப்படவில்லை, "முறையா நாய் ஆயிடுச்சு பாரு" என்று சந்தோஷமாகச் சிரித்தார், கோபாலன் வீட்டில் கேசரி கிண்டிக் கொடுத்துவிட்டார்கள், யூனியன்காரர்கள் அதற்கு ஒரு வருகைப் பதிவு அட்டை போட்டு வின்ச் ஹவுஸில் தொங்கவிட்டார்கள்.

இதையெல்லாம்விட எனக்குப் பெரிய அதிசயம், ஞானசிகாமணி பேச ஆரம்பித்தது. முதலில் மரியாதையாகத்தான், "வாங்க, உட்காருங்க, கருவாடு காரமா இருக்கும், பாத்துச் சாப்பிடுங்க" என்பார், காது தொங்கின பிறகு "வா, சாப்பிடு" ஆனது, வால் சுருண்ட பிறகு எல்லாவற்றையும் அதனிடம் சொல்ல ஆரம்பித்தார். உடன்குடியில் கருப்பட்டி காய்ச்சுகிற வாசனை, எஸ்தரம்மா சர்ச்சில் பாட்டுக்கு முந்திப் பாடி வெட்கப்பட்டது, காய்ச்சலில் கடைசியாக என்ன கேட்டாள், அவர் என்ன கொடுக்கவில்லை, எல்லாம். நான் டீயை வைத்துக்கொண்டு ஜன்னலுக்கு வெளியே நின்று கேட்பேன், டீ ஆறிப்போகும், திரும்பிப் போய்ச் சூடு பண்ணிக்கொண்டு வருவேன். நாயைப் பார்த்துப் பொறாமைப்பட்ட பொம்பளை உலகத்தில் நான் ஒருத்தியாகத்தான் இருப்பேன், அதையும் சொல்லிவிடுகிறேன்.

ஆனால் சாயங்காலம் ஐந்து மணி ஆனால் எதிர்மலையில் இருந்து விசில் வரும். அதன் கூட்டம். ஐந்தாறு இருக்கும், ஒன்று தொடங்க மற்றது வாங்கிக்கொள்ளும், பள்ளத்தாக்கு முழுக்க அந்த விசில் நிறையும், கேட்டால் யாரையோ தேடுகிறார்கள் என்று சின்னப் பிள்ளைக்குக்கூடத் தெரியும். ஆரம்பத்தில் அது எழுந்து நின்று எதிர்மலையைப் பார்க்கும், ஒரு காலைத் தூக்கும். உடனே அவர் சுத்தியலை எடுத்து மணியில் ஒன்று அடிப்பார். நின்றுவிடும். அப்படித்தான் அதைப் பழக்கினார், அவருக்குத் தெரிந்த ஒரே பாஷையில், ஒன்று அடித்தால் நில், இரண்டு அடித்தால் போ, மூன்று அடித்தால் வா. போதாததற்குச் சுவரில் சிவப்பில் எழுதியிருந்ததையும் கற்றுக்கொடுத்தார், மணி இல்லாமல் அசையாதே. வேறு யாராவது ஒரு சங்கிலி வாங்கிக் கட்டியிருப்பார்கள், சங்கிலியை அறுத்துக்கொண்டாவது அது போயிருக்கும். வின்ச்காரருக்குச் சங்கிலி தோன்றவில்லை, உயிரைக் காப்பாற்றும் என்று அவர் நம்பின ஒரே விதியைக் கொடுத்தார்.

"பாவமுங்க, ஒரு நாளைக்கு விட்டுத்தான் பாருங்களேன்" என்று ஒரு தடவை சொல்லிப் பார்த்தேன்.

"போயிடுச்சுன்னா?" என்றார். கிளாஸைத் தட்டவில்லை, வாயைத் திறந்து கேட்டார். "போயிடுச்சுன்னா நான் யார்கிட்ட பேசட்டும், சொல்லு."

என்னிடம் என்று சொல்ல எனக்கு நாக்கு வரை வந்தது. இந்த வாய் இருக்கிறதே, ஊரையே அடக்கும், அன்றைக்கு அடங்கிப்போயிற்று.

நாய் ஆனதோடு அது நின்றிருக்க வேண்டும். நிற்கவில்லை, இறங்குகிற பெட்டிக்கு பிரேக் போன மாதிரி பழகிக்கொண்டே போனது. ஆவணி கடைசியில் மணி அடிக்காமல் சாப்பிட மறுத்தது, தட்டை முன்னால் வைத்துவிட்டு அவர் மறந்து போனால் சோறு காய்ந்து ஈ மொய்க்கும், அது பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருக்கும். அப்புறம் மணி அடிக்காமல் தண்ணீர் குடிக்கவில்லை, மணி அடிக்காமல் குரைக்கவில்லை, சொறியவில்லை, மழைத்துளி கண்ணில் விழுந்தாலும் மணி அடிக்காமல் இமைக்கவில்லை. எதிர்மலை விசிலுக்கு அதன் தொங்கின காது ஒரு மயிரளவும் ஆடவில்லை, நாலு நாள் பார்த்துவிட்டு அந்தக் கூட்டம் வேறு பள்ளத்தாக்குக்குப் போய்விட்டது. அவர் கதை சொல்லும்போது முன்பெல்லாம் தலையைச் சாய்த்துக் கேட்கும், இப்போது இரண்டு அடித்தால்தான் தலையைச் சாய்க்கும். "என் கூட நானே பேசிக்கிற மாதிரி இருக்கு" என்று அவர் சொன்னது மாரனிடம், நான் அங்கேதான் கிளாஸ் எடுத்துக்கொண்டிருந்தேன்.

புரட்டாசி பிறந்து, ஒரு காலையில் அது மூச்சு விடுவதற்கும் மணி கேட்டது.

முதலில் அவருக்குப் புரியவில்லை. படுத்திருக்கிறது, கண் திறந்திருக்கிறது, விலா ஏறவில்லை, இறங்கவில்லை. பதறிப்போய் எழுந்தவர் கையில் தட்டுப்பட்ட சுத்தியலால் மணியில் மூன்று அடித்தார், விலா ஏறியது, இரண்டு அடித்தார், இறங்கியது. மூன்று, இரண்டு. மூன்று, இரண்டு. அன்று முழுக்க வின்ச் ஹவுஸ் மணி ஓயவில்லை. அவர் கை ஓய்ந்தபோது கோபாலன் சுத்தியலை வாங்கினார், கோபாலனிடம் இருந்து ஸ்டோர் கீப்பர், அவரிடம் இருந்து நான், பிறகு யூனியன்காரர்கள் உட்கார்ந்து ஏ ஷிஃப்ட், பி ஷிஃப்ட், சி ஷிஃப்ட் என்று பட்டியல் போட்டார்கள், ஜெனரேட்டரை நிற்காமல் ஓட்டத் தெரிந்த ஊருக்கு ஒரு செந்நாயின் நெஞ்சை ஓட்டுவது பெரிய காரியமில்லை. பெண்கள் வெங்காயம் உரித்துக்கொண்டே அடித்தார்கள், பிள்ளைகள் பள்ளிக்கூடம் விட்டு வந்து ஆளுக்கு நூறு மூச்சு அடித்தார்கள், ஊரில் எல்லோருமே அந்த மணிக்குத் தக்க மூச்சு விட ஆரம்பித்துவிட்டோம், வேகமாக அடித்தால் எங்களுக்கும் இரைத்தது.

அசல் மணி எது, மூச்சு மணி எது என்று தெரியாமல் வின்ச் நின்றுபோனதுதான் தொந்தரவு, பள்ளிக்கூட மணியை அடித்துப் பார்த்தோம், அதற்கு விலா அசையவில்லை. பவர்ஹவுஸில் இருந்து ஷிஃப்ட் முடிந்தவர்கள் ஆயிரத்து எண்ணூறு படி நடந்து ஏறினார்கள். நாலாவது நாள் ஏ.ஈ. மேடம் வித்யாவதி, கேம்ப்புக்குப் பொறுப்பான இன்ஜினியர், மழைக்கோட்டோடு வந்து நின்றார். கறாரான பொம்பளை, ஆனால் கெட்டவள் இல்லை.

"அண்ணாச்சி, எனக்கும் கஷ்டமாத்தான் இருக்கு. கீழே நாப்பது பேர் இருக்காங்க, நாளைக்கு யாருக்காவது நெஞ்சுவலின்னா எப்படி மேலே கொண்டு வர்றது? இன்னைக்குச் சாயங்காலத்துக்குள்ள மணி வின்ச்சுக்குத் திரும்பணும்."

அவர் மேடத்தைப் பார்க்கவில்லை. "நான்தான் மேடம் பண்ணுனேன்" என்றார். "அதுவா வந்தது. அதுவா போயிருக்கும். நான்தான் ஒண்ணு அடிச்சு அடிச்சு நிறுத்துனேன்." சொல்லிவிட்டு அழுதார், எஸ்தரம்மாவைப் புதைத்த அன்றுகூட அழாத மனிதர், முகத்தைக் கையால் மூடாமல், குழந்தை மாதிரி. மூன்று, இரண்டு, மூன்று, இரண்டு என்று கோபாலன் அடித்துக்கொண்டே இருந்தார், அவருக்கும் மூக்கு ஒழுகியது.

மத்தியானம் சாப்பாட்டு நேரம், பனி விலகி வெயில் அடித்தது. அவர் ஸ்டூல் மேல் ஏறி மணியின் நாக்கைக் கழற்றினார், சுத்தியலையும் சேர்த்து என் கையில் கொடுத்தார். "நான் கேட்டாலும் குடுக்காத" என்றார். இரண்டையும் மடியில் கட்டிக்கொண்டேன். இரும்பு வயிற்றில் ஜில்லென்று பட்டது.

மணி நின்றது. செந்நாயின் விலா நின்றது. கேம்ப் முழுக்க மூச்சு நின்றது, சத்தியமாகச் சொல்கிறேன், ஒருத்தர் விடவில்லை. அது அவரைப் பார்த்தது, அடிப்பார் என்று பார்த்தது, அந்தப் பார்வை என் எதிரிக்குக்கூட வரக் கூடாது. அதன் நாக்கு நீலம் பாரித்தது. அவர் "விடு, மூச்ச விடு" என்று கெஞ்சினார், வாய்ப்பேச்சு அதற்குத் தெரியாது, மணியைத்தான் தெரியும். "பழனாத்தா, குடு!" என்று என் மடியைப் பார்த்துக் கத்தினார். நான் கொடுக்கவில்லை. கொடுத்திருந்தால் காலம் பூரா எங்கள் ஊர் அதற்கு மூச்சு அடித்துக்கொண்டிருக்கும்.

அப்போது சுவரில் இருந்த ஒரு படம் அவர் கண்ணில் பட்டது, எங்கள் வேலையில் எல்லா இடத்திலும் மாட்டியிருப்பார்கள், கரண்ட் அடித்தவனுக்கு மூச்சு கொடுப்பது எப்படி என்று. மண்டி போட்டார், அதன் தாடையை இரண்டு கையாலும் பிளந்தார், அந்தப் படத்தில் இருக்கிற மாதிரியே வாயை வைத்து ஊதினார். ஒரு தடவை ஊதினார். இரண்டு தடவை ஊதினார். மூன்றாவது தடவை ஊதும்போது அதற்குள் என்ன நடந்ததோ, அடுத்தவன் மூச்சு உள்ளே நுழைவதை எந்தச் சீவன்தான் பொறுக்கும், உடம்பெல்லாம் மயிர் சிலிர்த்து, தொண்டையில் இருந்து நாங்கள் கேட்டிராத ஒரு சத்தம் வந்து, அவருடைய வலது கையைக் கவ்வியது. எலும்பு வரைக்கும். பல் இறங்குகிற சத்தம் எனக்குக் கேட்டது. அப்புறம் விட்டுவிட்டு, தானாக, யாரும் அடிக்காமல், ஒரு பெரிய மூச்சு இழுத்தது.

"கடிச்சிருச்சு!" என்று அவர் கத்தினார். "பழனாத்தா, என்னையக் கடிச்சிருச்சு! யாரும் அடிக்கல, அதுவாக் கடிச்சிருச்சு!" ரத்தம் சொட்டச் சொட்ட குவார்ட்டர்ஸ் முழுக்க ஓடினார், வீடு வீடாகக் கையைக் காட்டினார், சம்பந்தம் பேசி முடித்துவிட்டு வந்த அப்பன் மாதிரி ஒரு சிரிப்பு. எல்லோரும் வெளியே வந்து பார்த்து, "ஆமா, நல்லாத்தான் கடிச்சிருக்கு" என்றார்கள்.

அவர் அந்தப் பக்கம் ஓடினபோது அது இந்தப் பக்கம் இறங்கியது. தண்டவாளத்தின் ஓரமாக, அவசரமில்லாமல், படி படியாக. நடு மேடை தாண்டும்போது இடது காது நிமிர்ந்தது, குழாய்ப் பாலம் தாண்டும்போது வலது காது, நெற்றி வெள்ளை போனதா என்று அவ்வளவு தூரத்தில் எனக்குத் தெரியவில்லை. சோலைக்குள் போவதற்கு முன்னால் ஒரு விசில் அடித்தது, எதிர்மலையில் இருந்து பதில் வரவில்லை, கொஞ்சம் நின்றது, இன்னொரு தடவை அடித்தது, அப்புறம் பதில் வராமலேயே போய்விட்டது. திரும்பிப் பார்க்கவில்லை. அவர் மூச்சிரைக்க ஓடி வந்து என் பக்கத்தில் நின்றபோது, காட்டுவதற்கு அங்கே ஒன்றும் இல்லை.

"போயிடுச்சா?"

"போயிடுச்சுங்க."

"மணியில்லாமலா?"

"மணியில்லாமத்தான்."

தலையை ஆட்டினார், சிரிப்பு அப்படியே முகத்தில் இருந்தது, எடுத்து வைக்க மறந்த சாமான் மாதிரி. என் மடியை அவிழ்த்து மணி நாக்கை ஸ்டோர் கீப்பரிடம் கொடுத்தேன், அவர் அதைத் திரும்ப மாட்டினார், கீழே இருந்து மூன்று அடித்தார்கள், கோபாலன் வின்ச்சை எடுத்தார், ஷிஃப்ட் ஏறி வந்தது, ஊர் சாப்பிடப் போனது.

சோப்புப் போட்டு அவர் கையைக் கழுவிக் கட்டுப் போட்டுவிட்டு, ஏ.ஈ. மேடத்தின் ஜீப்பில் நானும் ஏறிக்கொண்டேன். டவுன் ஆஸ்பத்திரிக்கு முப்பத்திநாலு கொண்டை ஊசி வளைவு. ஒவ்வொரு வளைவிலும் அவர் தோள் என் தோளில் இடித்தது. அவர் ஜன்னல் வழியாகக் காட்டையே பார்த்துக்கொண்டு வந்தார்.

நாய்க்கடி ஊசி போடுகிற அறையில் கூட்டம். நர்ஸம்மா தலை நிமிராமல் ஒரு தாளில் எழுதினாள்.

"எது கடிச்சுது? வளர்த்ததா, காட்டுதா?"

அவர், "காட்டுது" என்றார். "நான் வளர்க்கலம்மா. முழுக்கக் காட்டுது."

"கூட யாரு வந்திருக்கா? ஊசி போட்டுட்டு அரை மணி நேரம் ஆள் பாத்துக்கணும்."

"யாருமில்ல" என்றார்.

அவர் முதுகுக்குப் பின்னால் ஒரு சாண் தூரத்தில் அவர் துண்டைப் பிடித்துக்கொண்டு நான் நிற்கிறேன். கோபம் வந்தது, பொய்யில்லை, பத்தொன்பது வருடக் கோபம். "நான் இருக்கேன் சிஸ்டர். பேரு பழனாத்தாள். எழுதுங்க."

எழுதினாள். அவர் திரும்பி என்னைப் பார்த்தார், முதல் தடவையாக முகத்தைப் பார்த்தார்.

"நீங்க இவருக்கு என்ன உறவு?" என்று கேட்டாள் நர்ஸ்.

நான் அவரைப் பார்த்தேன். அவர் கட்டுப் போட்ட கையைப் பார்த்தார். பேனா காத்திருந்தது, வெளியே ஏதோ ஒரு குழந்தை ஊசிக்கு அழுதது, அவர் சொல்லுவார் என்று நானும், நான் சொல்லுவேன் என்று அவரும் நின்றோம். எங்களுக்குப் பின்னால் இருபது பேர் இருந்தார்கள், நர்ஸம்மா உறவு எழுதுகிற இடத்தில் ஒரு கோடு போட்டுவிட்டு அடுத்த ஆளைக் கூப்பிட்டாள்.